முதல் பத்து வருஷம்

அண்ணனுக்குப் பகல் என்று பட்டப்பெயர். தம்பிக்கு ராத்திரி. அட்டைப்பெட்டித் தொழிற்சாலையில் ஒரே பஞ்சிங் மெஷினில் இருவருக்கும் வேலை. காலையிலிருந்து பகல் நிற்பார், பொழுது சாய்ந்ததும் ராத்திரி போய் நிற்பான். இவர் கழற்றிப் போட்ட கையுறையின் சூடு ஆறுவதற்குள் அவன் மாட்டிக்கொள்வான். கல்யாணத்துக்கு முன்பு ஒரே கட்டிலையும் அப்படித்தான் தேய்த்தார்கள். ஒருவர் எழுந்தால்தான் மற்றவருக்குப் படுக்கை. கட்டிலுக்குத்தான் ஓய்வே இல்லை.

அந்த மெஷினைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இரும்பு வாய் ஒன்று திறந்து திறந்து மூடும். திறக்கும்போது அட்டையை உள்ளே வைத்து, மூடுவதற்குள் கையை எடுத்துவிட வேண்டும். அதன் முன்னால் ஒருவர்தான் நிற்கலாம். இரண்டு பேர் நின்றால், எடுத்த கை யாருடையது, எடுக்காத கை யாருடையது என்ற கணக்கில் யாருக்காவது விரல் போய்விடும். மெஷினுக்கு மேலே அதை எழுதியே ஒட்டியிருந்தார்கள். "ஒரு நேரத்தில் ஒருவர்."

பகல் வாழ்க்கையில் படித்த பெரிய புத்தகம் அந்த ஒரு வரிதான். அதை எல்லாவற்றுக்கும் பொருத்திவிடுவார். குளியலறைக்கு முறை, மோட்டார் போடுவதற்கு முறை, வாசல் பெருக்க முறை. சண்டை வந்தால்கூட "நீ பேசி முடி, அப்புறம் நான் பேசுறேன்" என்பார். தம்பி பேசி முடிப்பான். அதற்குள் பகலுக்கு ஷிப்டுக்கு நேரமாகிவிடும். அந்த வீட்டில் பல சண்டைகள் இப்படி நடக்காமலே போயிருக்கின்றன.

எங்கள் சந்தில் அந்த வீடு விலைக்கு வந்தபோது வங்கியில் இருவர் பெயரிலும் கடன் வாங்கினார்கள். இருபது லட்சம், இருபது வருஷம், மாதம் பதினெட்டாயிரம். தவணையை எப்படிப் பிரிப்பது என்று யாரும் மண்டையை உடைத்துக்கொள்ளவில்லை. முதல் பத்து வருஷம் அண்ணன், அடுத்த பத்து வருஷம் தம்பி. வங்கியில் அதை யாரிடமும் சொல்லவுமில்லை. வங்கியும் கேட்கவில்லை. பணம் வந்துகொண்டிருந்தால் வங்கி எதையும் கேட்காது, அவ்வளவு நாகரிகமான இடம்.

பத்து வருஷமும் தவணை ஒரு மாதம்கூடத் தவறவில்லை. கட்டியது பகல் என்று எல்லோரும் சொன்னோம், பகலும் சொன்னார். உண்மையில் அவர் சம்பளம் சாப்பாட்டுக்கும் கரண்டுக்கும் போனது. தவணைக்குப் போனது அண்ணியின் சம்பளம், கூடவே அவருடைய ஓவர்டைமில் கொஞ்சம். சந்தில் எல்லோருக்கும் அவள் அண்ணிதான். லாட்ஜ்களுக்குத் துணி வெளுத்துக் கொடுக்கும் சலவைக்கூடத்தில் வேலை. நாள் முழுக்கப் படுக்கை விரிப்புகளை இஸ்திரி போடுவாள். ஊரில் யார் யாரோ ஒரு ராத்திரி படுத்துக் கசக்கிய வெள்ளைத் துணியை நிமிர்த்தி நிமிர்த்தி, வலது தோள் இடது தோளைவிட ஒரு விரல்கடை கீழே இறங்கிவிட்டது. நீராவியில் வெந்த முகத்தோடு வீட்டுக்கு வந்து, ஈரத்துண்டைப் பிடரியில் போட்டுக்கொண்டு வெங்காயம் நறுக்குவாள். வெங்காயத்துக்கு அழுகிறாளா வேறெதற்காவதா என்று கேட்டால், "ரெண்டுக்கும் சேத்துத்தான், மிச்சப்படும்ல" என்பாள்.

பத்து வருஷம் முடிந்த ஞாயிற்றுக்கிழமை. வெயில் தகரக் கூரையில் தட்டித் தட்டிப் பேசிக்கொண்டிருந்த மதியம். பகல் கோழி வாங்கி வந்தார். நான்கு பேரும் கூடத்தில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். இடையில் ஒரு சுவர்தான், எங்களுக்கு எல்லாமே கேட்டது.

"இன்னையோட என் முறை முடிஞ்சுது" என்றார் பகல். "நாளைக்குக் காலையில நாலு பேரும் பேங்குக்குப் போறோம். தவணை இனிமே உன் அக்கவுண்டுலேருந்து போகட்டும். எழுதிக் குடுத்துட்டு வந்துருவோம்."

"சரிண்ணே."

"பாதி வீடு தூக்கி நிறுத்தியாச்சுடா. மிச்சப் பாதி உன் கையில."

"அதான் சரின்னுட்டேன்ல. கோழிய தின்னு, ஆறுது."

"அண்ணி, கடைக்கு எப்ப அட்வான்ஸ் குடுக்கணும்?" என்று அதே மூச்சில் கேட்டான் ராத்திரி.

"மாசக் கடைசி" என்றாள் அண்ணி. அந்த இரண்டு வார்த்தையை அவள் சொன்ன விதத்தில், சுவருக்கு இந்தப் பக்கம் இருந்த எங்களுக்கே சிரிப்பு வந்தது. சந்து முனையில் ஒரு ஒற்றை அறை. ஒரு மேஜை, இரண்டு நீராவி இஸ்திரிப் பெட்டி, வாசலில் ஒரு பலகை. லாட்ஜ் ஒன்று நேரடியாகத் துணி தருவதாகச் சொல்லியிருந்தது. இனி அவள் சம்பளம் அவளுக்கு என்பதால் வந்த கடை அது.

"அக்கா மொதலாளி ஆகிட்டா எனக்கு டிஸ்கவுண்ட் உண்டா?" என்றாள் ராத்திரியின் மனைவி. அவள் மருந்துக்கடையில் கவுண்டரில் நிற்பவள், எதற்கும் டிஸ்கவுண்ட் கேட்கிறவர்களைப் பார்த்துப் பார்த்து அந்தப் பழக்கம் ஒட்டிக்கொண்டது.

"உனக்கு டபுள் ரேட்டு. உன் புருஷன் சட்டைக் காலர நீ பாத்ததில்ல, நான் பாத்துருக்கேன்."

மறுநாள் வங்கியில் நடந்ததை நால்வரும் எங்களிடம் நான்கு விதமாகச் சொன்னார்கள். நால்வர் கதையிலும் மாறாமல் இருந்தது அதிகாரியின் மரியாதை மட்டும்தான். டை கட்டிய பையன். உட்காரச் சொன்னான். தண்ணீர் கொடுத்தான். தண்ணீருக்கு எதுவும் பிடித்துக்கொள்ளவில்லை.

"அக்கவுண்ட் மாத்தறது ஈஸி சார். கையெழுத்துப் போட்டா போதும். இன்னும் பதினாலு வருஷம் ஒம்பது மாசத்துக்கு இவர் அக்கவுண்டுலேருந்து எடுத்துக்குவோம்."

"பத்து" என்றார் பகல்.

"பதினாலு வருஷம் ஒம்பது மாசம் சார்."

"தம்பி, அந்தக் கம்ப்யூட்டர சைடுல ஒரு தட்டு தட்டுங்க. எங்க மெஷின்லயும் எண்ணிக்கை காட்டுற பெட்டி அப்பப்ப உளறும். ஒரு தட்டு தட்டினா சரியாயிடும்."

பையன் தட்டவில்லை. திரையை அவர் பக்கம் திருப்பினான். "நீங்க வாங்கினது இருபது லட்சம். இன்னைக்கு பாக்கி பதினாறு லட்சத்து முப்பத்தேழாயிரம்."

பகல் சிரித்தாராம். வேறு யாரோ ஒருவருடைய கணக்கைக் காட்டுகிறான் என்று நினைத்துச் சிரித்த சிரிப்பு.

"நாங்க கட்டினது மட்டும் இருபத்தொண்ணரை லட்சத்துக்கு மேல இருக்கும்பா. பத்து வருஷம்."

"ஆமா சார், ஒரு மாசம்கூட மிஸ் பண்ணல. ரொம்ப நல்ல கஸ்டமர் நீங்க."

"அப்ப கட்டினதெல்லாம்?"

"மாசா மாசம் மொதல்ல வட்டிய எடுத்துக்குவோம் சார். மிச்சம்தான் அசல்ல கழியும்."

"மிச்சம் எவ்வளவு?"

"அது மாசத்துக்கு மாசம் மாறும். வட்டி ஏறிச்சே, அந்த மாசம் பாத்தீங்கன்னா... ரெண்டாயிரத்துக்குக் கொஞ்சம் கம்மி."

"பதினெட்டாயிரம் குடுத்தா ரெண்டாயிரமா?"

"கம்மி சார். ரெண்டாயிரத்துக்குக் கம்மி."

பகல் தனக்குத் தெரிந்த பொருளில் வைத்து விளங்கிக்கொள்ளப் பார்த்தார். "தம்பி, ஒரு கட்டுல இருபது அட்டை. பத்து எடுத்து வெட்டியாச்சு. மிச்சம் பத்துதானே இருக்கணும்?"

"இது அட்டை இல்லையே சார்" என்றான் பையன், நிஜமான வருத்தத்தோடு.

பிறகுதான் வட்டி ஏறிய விவகாரம் வந்தது. மூன்றாம் வருஷ முடிவில் வங்கி வட்டியை ஒன்றேகால் சதவீதம் ஏற்றியிருக்கிறது. தவணையைக் கூட்டவில்லை. கூட்டாததற்குப் பதிலாக வருஷத்தைக் கூட்டிவிட்டது. செய்தி அனுப்பியிருந்தார்கள். வட்டி விகிதம் மாறியிருக்கிறது, உங்கள் தவணைத் தொகையில் மாற்றம் இல்லை என்று.

அந்தச் செய்தி வந்த நாள் எங்கள் எல்லோருக்கும் நினைவிருக்கிறது. அக்கம்பக்கத்தில் வாடகை எல்லாம் ஏறிக்கொண்டிருந்த சமயம். தனக்கு மட்டும் ஏறவில்லை, ஒழுங்காகக் கட்டுகிறவனுக்கு வங்கி காட்டும் மரியாதை இது என்று பகல் கேக் வாங்கிச் சந்து முழுக்கக் கொடுத்தார். நாங்களும் வாழ்த்திவிட்டுத் தின்றோம். நன்றாகத்தான் இருந்தது.

"அப்ப எனக்கு பதினாலே முக்கால் வருஷமா?" என்றான் ராத்திரி.

"என் முறை முடிஞ்சுது" என்றார் பகல்.

"நான் கேட்டதுக்கு அது பதில் இல்ல."

"எனக்குத் தெரிஞ்ச பதில் அதான்."

காவலாளி எழுந்து வந்து பக்கத்தில் நின்றார். பையன், "கையெழுத்து இன்னொரு நாள்கூடப் போடலாம் சார், அவசரமில்ல" என்றான். பதினாலே முக்கால் வருஷம் இருக்கும்போது அவசரம் எப்படி இருக்கும்?

வீடு வந்தபோது காற்றே இல்லை. கரண்டும் இல்லை. சன்னல்களைத் திறந்து வைத்துத்தான் சண்டை போட வேண்டியிருந்தது. சந்துக்கே சௌகரியம்.

"பேச்சு என்ன? பத்துக்குப் பத்து" என்றான் ராத்திரி. "இருபது வருஷக் கடன்ல பத்து. நான் பத்து வருஷம் ஒழுங்கா கட்டுறேன். நாலே முக்கால எடுத்து என் தலையில கட்டாத."

"பேச்சு, நான் பாதி நீ மிச்சம். மிச்சம்னா முடியிற வரைக்கும்."

"நாலே முக்கால் வருஷம் உன் காலத்துல பொறந்தது. நீ பெத்தத நீதான் வளக்கணும்."

"நானாடா வட்டிய ஏத்தினேன்?"

"கேக் வாங்கினது யாரு?"

"நீயும்தானே தின்ன? ரெண்டு துண்டு தின்ன!"

"ரெண்டு துண்டுக்கு நாலே முக்கால் வருஷமா? பேங்கே பரவால்லயே!"

பகல் சொம்பை எடுத்து எறிந்தார். சுவரில் பட்டு உருண்டது. அது எங்கள் பக்கச் சுவர். எங்கள் அலமாரியில் இருந்த கண்ணாடித் தம்ளர்கள் கிணுகிணுத்தன.

"இருபத்தொண்ணரை லட்சம்டா! மூணரை லட்சம்தான் கழிஞ்சிருக்காம். மிச்சம் எங்க போச்சு? வட்டிக்கடைக்காரன் வாசல்ல வந்து நின்னு கெட்ட வார்த்தையில திட்டி வாங்கிட்டுப் போவான். இவனுங்க தண்ணி குடுத்து உக்கார வச்சு, நல்ல கஸ்டமர்ங்கிறானுங்க. நான் கஸ்டமராடா? கறவை மாடுடா நான்!"

"கத்தி என்ன பண்ண? கட்டும்போது கேட்டிருக்கணும்."

"நீ கேட்டியா? உன் பேரும்தானே இருக்கு?"

"என் முறை வரலையே!"

இந்த இடத்தில்தான் மருந்துக்கடைக்காரி வாயைத் திறந்தாள். வங்கியிலிருந்து வெளியே வரும்போது அவள் மட்டும் பின்தங்கிப் பையனிடம் ஏதோ கேட்டுவிட்டு வந்திருந்தாள்.

"ஒண்ணு சொன்னா ரெண்டு பேரும் என்ன அடிக்கக் கூடாது."

"சொல்லும்மா" என்றார் பகல்.

"ஆரம்பத்துலேருந்தே ரெண்டு பேரும் சேந்து கட்டியிருந்தா என்ன ஆயிருக்கும்னு கேட்டேன். ஆளுக்குப் பதினெட்டு, மாசம் முப்பத்தாறு."

"என்ன ஆயிருக்கும்?"

"ஆறு வருஷத்துல முடிஞ்சிருக்குமாம். பத்திரம் கைக்கு வந்து நாலு வருஷம் ஆயிருக்குமாம்."

தெருவில் ஒரு சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனது.

"ஒரு நேரத்துல ஒருத்தர்" என்று மெதுவாகச் சொன்னாள் அவள். "மெஷின்ல சேந்து நின்னா விரல் போகும், சரி மாமா. கடன்ல சேந்து நின்னா என்ன போயிருக்கும்?"

பகல் தம்பியைப் பார்த்தார். பத்து வருஷம் தவணையே இல்லாமல் இருந்த தம்பியை. அந்தப் பணம் ஒரு பைக்காகி, ஒரு பெரிய டிவியாகி, மீதியெல்லாம் நண்பன் வைத்த செல்போன் கடையில் போய், கடையும் போய், நண்பனும் போயிருந்தான்.

"அப்படிப் பாக்காத. அது என் காசு. என் முறை வர்ற வரைக்கும் அது என் காசுதான். பேச்சு அதான்."

"அந்தப் பேச்ச நான்தான்டா பேசினேன்" என்றார் பகல். அதுவரை அவர் குரலில் இருந்த கோபத்துக்குப் போக ஓர் இடம் இருந்தது. இதைச் சொன்ன பிறகு இல்லை. உட்கார்ந்தார். தன் விரல்களை, பத்தும் பத்திரமாக இருந்த விரல்களை, விரித்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இப்பவும் சேந்து கட்டினா அஞ்சு வருஷத்துக்குள்ள முடிஞ்சிரும். அதையும் கேட்டேன்" என்றாள் மருந்துக்கடைக்காரி.

ராத்திரி கொஞ்ச நேரம் கதவு நிலையைச் சுரண்டினான். "சரி. நான் பதினெட்டு கட்டுறேன். நீயும் கட்டு. முடிச்சுத் தொலைப்போம்."

பகல் நிமிர்ந்தார். முகம் கொஞ்சம் தெளிந்திருந்தது. கணக்கு ஒன்று கைக்கு வந்துவிட்ட தெளிவு. சமையலறை வாசலில் நின்றிருந்த மனைவியைப் பார்த்துச் சொன்னார்.

"அஞ்சு வருஷம்தானே. கடைய அப்புறம் பாத்துக்கலாம்."

அதுவரை அண்ணி ஒரு வார்த்தை பேசியிருக்கவில்லை.

"என்ன சொன்னீங்க?"

"இல்ல, அஞ்சு வருஷம்தானேன்னு..."

"தானேவா?"

"கொஞ்சம் பொறுத்துக்க. நம்ம வீட்டுக்காகத்தானே."

"யார் வீடு?"

"என்ன கேள்வி இது?"

"கேள்விதான். பதில் சொல்லுங்க. பத்திரத்துல யார் பேரு இருக்கு? உங்க பேரு. உங்க தம்பி பேரு. என் பேரு இருக்கா? இவ பேரு இருக்கா? பத்து வருஷமா மாசச் சம்பளத்த கவர் பிரிக்காம உங்க கையில குடுத்தேன். கட்டினது யாரு? நான். ஊர்ல பேரு யாருக்கு? பகலுக்கு. சந்துல கேக் குடுத்தது யாரு? பகல்."

"அண்ணி, அண்ணன் சொல்றது..." என்று ஆரம்பித்தான் ராத்திரி.

"நீங்க பேசாதீங்க தம்பி. நீங்க ரெண்டு பேரும் காலையிலேருந்து பேசுறீங்க. அண்ணன் முறை, தம்பி முறை. எனக்கு ஒரு முறை இருக்குன்னு இந்த வீட்ல யாருக்காவது தோணிச்சா? இன்னைக்கு வந்துச்சு. வந்து ஒரு நாள் ஆகல. அதையும் எடுத்து பேங்குக்கு வைக்கச் சொல்றார் உங்க அண்ணன்."

"கோவத்துல பேசாத" என்றார் பகல்.

"கோவத்துலதான் பேசுறேன். கோவம் இல்லாம பத்து வருஷம் இருந்து பாத்தேன். அதுல பதினாறு லட்சம் பாக்கி." அவள் குரல் உயரவில்லை. அதுதான் சுவருக்கு இந்தப் பக்கம் எங்களையே நிமிர்ந்து உட்கார வைத்தது. "சாப்பாட்டுக்கும் கரண்டுக்கும் என் பங்கு தர்றேன். கடனுக்கு ஒரு பைசா கிடையாது. மாசக் கடைசியில கடைக்கு அட்வான்ஸ் குடுக்கிறேன்."

"அப்ப என் பதினெட்டுக்கு நான் எங்க போவேன்?"

"நான் எங்க போனேன்னு பத்து வருஷத்துல ஒரு நாள் கேட்டிருந்தா, இப்ப உங்களுக்கு வழி தெரிஞ்சிருக்கும்."

மருந்துக்கடைக்காரி குனிந்து, உருண்டு கிடந்த சொம்பை எடுத்துக் கழுவி வைத்தாள். அதன் வயிறு ஒரு பக்கம் உள்ளே போயிருந்தது. பிறகு போய் அண்ணியின் பக்கத்தில் நின்றுகொண்டாள். அந்த வீட்டில் ஒரே பக்கத்தில் இரண்டு பேர் சேர்ந்து நின்று நாங்கள் அன்றுதான் பார்த்தோம்.

மாதக் கடைசியில் அண்ணி கடை திறந்தாள். பகல் தினமும் ஓவர்டைம் பார்த்தார். வாரவிடுமுறையை விற்றார். இரண்டு வேளை டீயை ஒரு வேளையாக்கினார். தவணை நாள் வந்தது. ராத்திரி தன் பதினெட்டை எண்ணி மேஜை மேல் வைத்துவிட்டுத் தூங்கப் போய்விட்டான். பகலிடம் பதினாலாயிரம்தான் இருந்தது.

மதியச் சாப்பாட்டு இடைவேளையில் அட்டைத் தூசி படிந்த தலையோடு கடைக்கு வந்தார். வெயிலில் பலகை எழுத்துகள் இன்னும் பெயின்ட் மணத்தன. உள்ளே அண்ணி விரிப்பு ஒன்றை மேஜையில் இழுத்து விட்டு, பெட்டியை வைத்துத் தேய்த்தாள். நீராவி புஸ்ஸென்று எழுந்தது. வாசலில் நின்றபடியே பகல் சொன்னார்.

"நாலாயிரம் இடிக்குது."

"ம்."

"இன்னைக்குச் சாயங்காலத்துக்குள்ள போடணும். கடையில புழங்குற காசுதானே, ஒரு வாரத்துல குடுத்துடறேன்."

அவள் விரிப்பின் மறுபாதியைப் புரட்டினாள்.

"நான் அந்த வீட்ல பத்து வருஷம் வாடகைக்கு இருந்தேன்னு கணக்கு முடிச்சுட்டேங்க. மாசம் தவறாம கட்டியாச்சு. பாக்கி எதுவும் இல்ல."

"புருஷன்கிட்டயா வாடகைக் கணக்குப் பேசுற?"

"புருஷனுக்கு வீட்ல சோறு மூடி வச்சிருக்கேன். சாப்பிட்டுப் போகச் சொல்லுங்க. நான் பேசுறது வீட்டுக்காரர்கிட்ட."

பகல் நின்றார். லாட்ஜ் பையன் ஒருவன் இடுப்பில் துணி மூட்டையோடு வந்து, அவரை ஒரு தரம் மேலும் கீழும் பார்த்தான்.

"அண்ணே, நீங்க குடுக்கிறதா வாங்குறதா?"

"வழியில நிக்கிறாரு" என்றாள் அண்ணி, பெட்டியை விட்டுக் கண்ணை எடுக்காமல். "நீ உள்ள வாப்பா."